ஒரு பாட்டின் மேல் ஏற்றப்பட்ட பழி

எந்த இசைத்தட்டு எந்த வாரத்தில் மிகுதியாக விற்றது என்பதை விற்பனைப் பட்டியல்கள் ஒழுங்காகச் சொல்லிவிடுகின்றன. அந்தத் தட்டில் ஒலிக்கும் பாட்டை இயற்றியவர் அந்த வாரத்தில் எவ்வாறு வாழ்ந்தார் என்பதை அவை சொல்வதில்லை. சொல்லவேண்டும் என்று எவரும் எதிர்பார்ப்பதுமில்லை. எனினும் சில பாட்டுக்களின் வரலாற்றை எழுதப் புகும்போது இவ்விரு செய்திகளையும் ஒன்றின் அருகில் ஒன்றாக வைத்துப் பார்க்காமல் இருக்க முடிவதில்லை. அத்தகைய பாட்டுக்களுள் ஒன்றை இங்கே ஆராய விரும்புகிறோம்.

ஆங்கில மெல்லிசை உலகில் ‘விதவுட் யூ’ என்றொரு பாட்டு உண்டு. ‘நீயின்றி’ என்பது அத்தலைப்பின் பொருள். ஹாரி நில்சன் என்னும் அமெரிக்கர் பாடிய இப்பாட்டு 1972-ஆம் ஆண்டில் அமெரிக்காவிலும் பிரிட்டனிலும் விற்பனைப் பட்டியலின் முதலிடத்தைப் பெற்றது. இருபத்திரண்டு ஆண்டுகள் கழித்து, 1994-இல், மரியா கேரி பாட, மீண்டும் பிரிட்டனில் முதலிடம் ஏறியது. இடையிலும் பின்னரும் நூற்றுக்கு மேற்பட்டோர் இதைப் பாடிப் பதிவு செய்திருக்கின்றனர். இதை இயற்றியவர்கள் பீட் ஹேம், டாம் எவன்ஸ் என்னும் இருவர். முன்னவர் 1975-இலும் பின்னவர் 1983-இலும் தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொண்டனர்.

பிரிந்தவர் இன்றி வாழ இயலாது என்று அரற்றும் பாட்டு. அதை எழுதிய இருவருக்கும் அகால முடிவு. இவ்விரண்டையும் முடிச்சுப் போட்டு, ‘சாபம் பெற்ற பாட்டு’ என்றும், ‘தம் முடிவைத் தாமே முன்னறிந்து எழுதினார்கள்’ என்றும் பேசுவது மேலை நாட்டு இசை எழுத்தாளரிடையே ஒரு வழக்கமாகவே ஆகிவிட்டது. இந்தப் பேச்சு பாட்டைப் பற்றியும் பிழையானது. மனிதரைப் பற்றியும் பிழையானது என்பது நம் கருத்து. அது ஏன் என்பதைச் சற்று விரிவாகவே பார்ப்போம்.

இரண்டு பாதிகள்

பீட் ஹேம் வேல்ஸ் நாட்டின் ஸ்வான்சீ நகரத்தவர். டாம் எவன்ஸ் லிவர்பூலைச் சேர்ந்தவர். இருவரும் ‘ஐவீஸ்’ என்னும் இசைக்குழுவில் இருந்தனர். பீட்டில்ஸ் குழுவினர் தொடங்கிய ஆப்பிள் இசைத்தட்டு நிறுவனம் 1968-இல் இக்குழுவை ஏற்றுக்கொண்டது. 1969-ஆம் ஆண்டின் இறுதியில் குழுவின் பெயர் ‘பேட்ஃபிங்கர்’ என்று மாற்றப்பட்டது. பால் மெக்கார்ட்னி எழுதிக் கொடுத்த ஒரு பாட்டினால் முதற்புகழும், ஹேம் எழுதிய ‘நோ மேட்டர் வாட்’ என்னும் பாட்டினால் தமக்கே உரிய புகழும் அவர்களுக்குக் கிட்டின.

‘விதவுட் யூ’ ஒரே மூச்சில் ஒருவர் மனத்திலிருந்து எழுந்த பாட்டு அன்று. ஹேம் ஒரு பாட்டைத் தொடங்கியிருந்தார். அதன் சரணங்கள் நன்கு அமைந்திருந்தன. பல்லவி மட்டும் கூடிவரவில்லை. எவன்ஸிடம் ஒரு பல்லவி இருந்தது. அதற்கேற்ற சரணங்கள் இல்லை. ஒருவருடைய குறையை மற்றவருடைய நிறைவு ஈடுசெய்தது. 1970 நவம்பரில் வெளிவந்த ‘நோ டைஸ்’ என்னும் நெடுந்தட்டில், முதற்பக்கத்தின் இறுதிப் பாட்டாக இது இடம்பெற்றது. இதைத் தனித்தட்டாக வெளியிடவேண்டும் என்று பிரிட்டனிலோ அமெரிக்காவிலோ எவருக்கும் அப்போது தோன்றவில்லை.

இரு பாதிகளின் இணைப்பு என்பதைப் பாட்டைக் கேட்கும்போதே உணரலாம். சரணம் நினைவுகூர்கிறது. பிரிவு நேர்ந்த மாலை, செல்கின்றவரின் முகம், தடுத்து நிறுத்தத் தவறிய தன் பிழை ஆகியவற்றை அது தாழ்ந்த குரலில், சிறு சிறு சொற்றொடர்களால் கூறிச் செல்கிறது. அதில் குற்றச்சாட்டு இல்லை. பேசுபவர் பிறரை நோவதற்கு முன் தம்மை நோகிறார். பல்லவியோ நினைவுகூர்வதை விட்டுவிட்டு முறையிடுகிறது. அசைகள் நீள்கின்றன, சொற்கள் சுருங்குகின்றன, விளக்கம் நின்று அரற்றல் தொடங்குகிறது. அடக்கமாகப் பேசிக்கொண்டிருந்த ஒருவர், அடக்கம் இனித் தாங்காது என்னும் நிலையில் வாய்விட்டுக் கூவுவது போன்ற அமைப்பு இது. ஒருவரே எழுதியிருந்தால் சரணத்தின் அடக்கம் பல்லவிக்கும், பல்லவியின் வேகம் சரணத்துக்கும் பரவியிருக்கக்கூடும். இருவர் எழுதியதால் அந்த வேறுபாடு அழியாமல் நின்றது. இப்பாட்டின் வலிமைக்கு இதுவே முதற்காரணம் என்போம்.

மரபறிந்து கேட்டல்

பிரிந்தால் வாழேன் என்று காதலர் கூறுவது தமிழ்ச் செவிக்குப் புதிதன்று. அகப்பாடல்களில் தலைவி கூறாத சொல்லா இது? திருக்குறளின் காமத்துப்பாலில் ‘பிரிவாற்றாமை’ என்றே ஓர் அதிகாரம் இருக்கிறது. இவ்வாறு கூறுவதை உயர்வு நவிற்சி என்று நம் இலக்கண நூலார் வகுத்தனர். உணர்ச்சியின் ஆழத்தைக் காட்டுவதற்காக அளவைக் கடந்து சொல்லுதல் அது. தலைவியின் அச்சொல்லை அவளது மரண சாசனமாக எந்த உரையாசிரியரும் எடுத்துக்கொள்ளவில்லை. அதை எழுதிய புலவரின் வாழ்க்கைக் குறிப்பாகவும் எவரும் கொள்ளவில்லை. கூற்று ஒருவருடையது, கூற்றை அமைத்தவர் மற்றொருவர் என்னும் அறிவு நம் மரபில் வேரூன்றிய ஒன்று.

மேலை மெல்லிசையிலும் இதற்கு ஒப்பான மரபு உண்டு. காதற்பாட்டு என்பதே அளவைக் கடந்த சொற்களால் ஆனது. வானத்தை வில்லாக வளைப்பேன் என்பதும் மணலைக் கயிறாகத் திரிப்பேன் என்பதும் அங்கே அன்றாடம். எவன்ஸ் அமைத்த பல்லவி அம்மரபுக்குள் நிற்பதாகும். அதை எழுதியபோது அவருக்கு வயது இருபத்து மூன்று. அவ்வயதினர் எழுதும் ஆயிரம் பாட்டுக்களில் இதே கருத்து வேறு வேறு சொற்களில் வரும். ஏனைய தொள்ளாயிரத்துத் தொண்ணூற்றொன்பதைப் பற்றி எவரும் சாபம் என்று பேசுவதில்லை. பின்னர் நேர்ந்த துயரத்தை முன்னர் எழுதிய பாட்டில் தேடிக் கண்டுபிடிப்பது திறனாய்வு ஆகாது.

ஹேம் எழுதிய பிற பாட்டுக்களும் இதற்குச் சான்று. ‘நோ மேட்டர் வாட்’ எது நேரினும் தளராத உறுதியைப் பாடுவது. பாட்டு எழுதியவரின் விதியை முன்னுரைக்கும் என்றால், அந்தப் பாட்டு ஏன் அவர் விதியை முன்னுரைக்கவில்லை? தமக்கு வேண்டியதை மட்டும் பொறுக்கி எடுத்து அதற்குத் தீர்க்கதரிசனம் என்று பெயர் சூட்டுவது எளிய வேலை.

மூன்று குரல்கள்

பேட்ஃபிங்கரின் மூலப்பதிவை இன்று கேட்போர் பலர் சற்று ஏமாற்றம் அடைகின்றனர். கிதார்களின் துணையோடு, ஒரு குழு தன் பாட்டைத் தானே பாடிப் பார்ப்பது போல் அது அமைந்திருக்கிறது. பல்லவி வருகிறது, ஆனால் அது வருவதற்கான வாயில் திறந்துவைக்கப்படவில்லை. சரணத்துக்கும் பல்லவிக்கும் இடையே நாம் மேலே கூறிய வேறுபாடு எழுத்தில் இருக்கிறது. ஒலியில் முழுமையாக வெளிப்படவில்லை. ஆயினும் அப்பதிவில் ஒரு கூச்சம் இருக்கிறது. துயரத்தை உரக்கச் சொல்ல நாணும் இளைஞரின் கூச்சம் அது. பின்னர் வந்த பெரும்பதிவுகள் எதிலும் அது இல்லை. அதற்காகவே அம்மூலப்பதிவைப் போற்றுகிறோம்.

நில்சன் இப்பாட்டை ஒரு விருந்தில் கேட்டு, பீட்டில்ஸின் பாட்டு என்றே முதலில் எண்ணினார் என்பது பலரும் பதிவு செய்துள்ள செய்தி. அவரே ஒரு சிறந்த பாட்டாசிரியர். அவர் எழுதிய ‘ஒன்’ என்னும் பாட்டைப் பாடி 1969-இல் பெரும்பேறு பெற்றது ‘த்ரீ டாக் நைட்’ என்னும் வேறொரு குழு. அவருக்குப் பெரும்புகழ் தந்தவையோ பிறர் எழுதிய பாட்டுக்கள்: ஃபிரெட் நீல் எழுதிய ‘எவ்ரிபடிஸ் டாக்கின்’ ஒன்று, இது மற்றொன்று. எழுதியவர் ஒருவர், புகழ் பெறுபவர் ஒருவர் என்னும் இந்நிலையின் இரு புறத்தையும் அறிந்தவர் நில்சன்.

1971-இல் லண்டனின் டிரைடென்ட் ஒலிப்பதிவுக் கூடத்தில், ரிச்சர்ட் பெர்ரியின் தயாரிப்பில் அவர் இதைப் பாடினார். பியானோ வாசித்தவர் கேரி ரைட். நரம்பிசையை அமைத்தவர் பால் பக்மாஸ்டர். பேட்ஃபிங்கர் திறக்காமல் விட்ட வாயிலை இவர்கள் திறந்தனர். தொடக்கத்தில் பியானோவும் குரலும் மட்டுமே. குரல் ஏறக்குறையப் பேச்சின் உயரத்திலேயே நிற்கிறது. பாடகர் எதையும் நிரூபிக்க முயலவில்லை. பல்லவி முதலில் அடங்கியே வருகிறது. பின்னர், நரம்பிசை சூழ்ந்து எழ, குரல் மேல் ஸ்தாயிக்குத் தாவும்போது கேட்பவர் உள்ளம் நடுங்குகிறது. அந்தத் தாவலின் ஆற்றல் தாவலில் மட்டும் இல்லை. அதற்கு முன் கழிந்த பொறுமையான நேரத்தில் இருக்கிறது. சேர்த்து வைத்த பொருளைச் செலவிடுவதற்கும் கடன் வாங்கிச் செலவிடுவதற்கும் உள்ள வேறுபாட்டைப் போன்றது இது. நில்சன் சேர்த்து வைத்துச் செலவிட்டார்.

1994-இல் வெளிவந்த மரியா கேரியின் பதிவு வேறு வகைப்பட்டது. குரல்வளத்தில் அவருக்கு நிகராகச் சிலரையே கூறமுடியும். முன்பகுதியை அவரும் மென்மையாகவே பாடுகிறார். ஆனால் பின்பகுதியில் ஓரசையைப் பல சுரங்களாகச் சுழற்றி நீட்டும் அவருடைய முறையும், பின்னணியில் எழும் குழுக்குரலும் பாட்டைத் துயரத்திலிருந்து மீட்டு ஒருவகை வெற்றிக்குக் கொண்டுசெல்கின்றன. நில்சனின் பதிவில் உடைந்துபோகும் மனிதர் ஒருவர் தெரிகிறார். கேரியின் பதிவில், உடைவதை உடையாத குரலால் பாடும் பேராற்றல் தெரிகிறது. இது குறையென்று தள்ளத்தக்கதன்று. பெரிய மண்டபத்தில் ஆயிரவர் நடுவே பாடத்தக்க பாட்டாக இதை அவர் ஆக்கினார். ஆயினும் தனித்திருந்து கேட்பவருக்கு நில்சனின் பதிவே நெருக்கமானது என்பது நம் தீர்ப்பு.

பட்டியல் எண்ணியது

நில்சனின் பதிவு அமெரிக்க ‘பில்போர்ட்’ இதழின் முதல் நூறு பாட்டுக்களின் பட்டியலில் 1972 பிப்ரவரி 19-இல் முதலிடம் பெற்று நான்கு வாரங்கள் அங்கே நின்றது. பிரிட்டனில் மார்ச் 11-இல் முதலிடம் ஏறி ஐந்து வாரங்கள் நின்றது. அடுத்த ஆண்டு சிறந்த ஆண்குரல் மெல்லிசைப் பாட்டுக்கான கிராமி விருதும் நில்சனுக்குக் கிடைத்தது. கேரியின் பதிவு 1994 பிப்ரவரியில் பிரிட்டனின் பட்டியலில் நுழைந்த வாரத்திலேயே முதலிடம் பெற்று நான்கு வாரங்கள் நின்றது. அமெரிக்காவில் மூன்றாமிடம் வரை சென்றது. அப்பதிவு கடைக்கு வருவதற்குச் சில நாட்கள் முன்னர், 1994 ஜனவரி 15-இல், நில்சன் தம் ஐம்பத்திரண்டாம் வயதில் காலமாகியிருந்தார்.

இந்த எண்கள் எவ்வாறு பிறந்தன என்பதையும் அறிந்துகொள்வது நன்று. 1972-இல் பிரிட்டனில் குறிப்பிட்ட சில கடைகள் தாம் விற்ற தட்டுக்களை ஒரு நாட்குறிப்பில் எழுதி, வாரந்தோறும் அஞ்சலில் அனுப்பின. அவற்றைக் கூட்டிப் பட்டியல் அமைத்தனர். அமெரிக்காவில் கடைக்காரரின் அறிக்கையும் வானொலி நிலையங்களின் அறிக்கையும் கலந்து பட்டியல் ஆயிற்று. கடைமேசையில் இயந்திரம் எண்ணிய விற்பனையைக் கொண்டு பில்போர்ட் தன் முதல் நூறைக் கணக்கிடத் தொடங்கியது 1991 நவம்பரின் இறுதியிலேதான். ஆகவே 1972-இன் முதலிடம் மதிப்பீட்டால் பிறந்தது. 1994-இன் முதலிடம் பெரிதும் எண்ணிக்கையால் பிறந்தது. இரண்டு முறையிலும் இப்பாட்டு தேறியது. இதன் வெற்றி விளம்பரத்தின் விளையாட்டு அன்று என்பதற்கு இதுவே போதிய சான்று.

பட்டியல் எண்ணாதது

இனி வேறொரு கணக்கைப் பார்ப்போம். ஓர் இசைத்தட்டில் இரண்டு உரிமைகள் உண்டு. பாடிப் பதிவு செய்தது ஓர் உரிமை. பாட்டை இயற்றியது மற்றோர் உரிமை. அமெரிக்கச் சட்டப்படி, விற்கும் ஒவ்வொரு தட்டுக்கும் இயற்றியவர் தரப்புக்கு உரிய ராயல்டி ஒரு பாட்டுக்கு 2 சென்ட் என்று 1909-இல் வகுக்கப்பட்டது. 1978 பிறக்கும் வரை அத்தொகை மாறவேயில்லை. வழக்கப்படி அதில் ஒரு பாதி பதிப்புரிமை நிறுவனத்துக்கு, மறுபாதி இயற்றியவருக்கு. இயற்றியவர் இருவராயின் ஒருவருக்கு அரை சென்ட். நில்சனின் தட்டு அமெரிக்காவில் பத்து லட்சத்துக்கான தங்கத்தட்டுச் சான்று பெற்றது. பத்து லட்சம் தட்டுக்கு இந்த வழக்கமான கணக்கைப் போட்டால் ஒருவருக்கு 5,000 டாலர் வரும். வானொலியில் ஒலிபரப்பாகும்போது இயற்றியவருக்குத் தனிக்கட்டணம் உண்டு. அமெரிக்க வானொலியில் பாடகருக்கு அது இல்லை. பிற நாடுகளின் விற்பனையும் உண்டு. ஆகவே, ஒரு பாட்டு உலகம் சுற்றினால் அதை இயற்றியவர் ஓரளவு கவலையின்றி வாழலாம். தொகை முறையாக வந்து சேரவேண்டும், அவ்வளவே.

சேரவில்லை. பேட்ஃபிங்கர் குழுவினர் 1970-இல் ஸ்டான் பாலி என்னும் நியூயார்க் மேலாளரிடம் தம் தொழில் நிர்வாகத்தை ஒப்படைத்தனர். குழுவின் வருவாய் அவர் அமைத்த நிறுவனத்தின் வழியே சென்றது; குழுவினர் அதிலிருந்து சம்பளம் பெற்றனர். 1971 ஆகஸ்ட் 1-இல், பங்களாதேஷ் அகதிகளின் துயர்துடைக்க ஜார்ஜ் ஹாரிசனும் ரவிசங்கரும் நியூயார்க்கில் நடத்திய புகழ்பெற்ற இசை நிகழ்ச்சியில், பீட் ஹேம் ஹாரிசனின் அருகில் நின்று கிதார் வாசித்தார். அடுத்த ஆண்டின் தொடக்கத்தில் அவர் எழுதிய ‘டே ஆஃப்டர் டே’ அமெரிக்கப் பட்டியலில் நான்காமிடம் வரை உயர்ந்தது. அதே பருவத்தில் ‘விதவுட் யூ’ முதலிடத்தில் நின்றது. வெளியுலகத்தின் கண்ணுக்கு அவர் செல்வந்தராகவே தோன்றியிருப்பார்.

பின்னர் அக்குழு வார்னர் நிறுவனத்துக்கு மாறியது. ஒப்பந்தப்படி ஒரு காப்புக் கணக்கில் இருக்கவேண்டிய முன்பணம் எங்கே என்னும் கேள்வி எழுந்து, 1974-இன் இறுதியில் அந்நிறுவனம் வழக்குத் தொடுத்தது. அவ்வாண்டில் வெளிவந்திருந்த நெடுந்தட்டு சில வாரங்களிலேயே கடைகளிலிருந்து திரும்பப் பெறப்பட்டது. அவசரமாகப் பதிவு செய்த அடுத்த தட்டு ஏற்கப்படவில்லை. அது வெளிவந்தது 2000-ஆம் ஆண்டில். சம்பளம் நின்றது. உலகின் எங்கோ ஒரு மூலையில் நாள்தோறும் ஒலித்துக்கொண்டிருந்த பாட்டை எழுதியவருக்கு வீட்டுக்கடன் கட்டப் பணமில்லை. 1975 ஏப்ரல் 24-இல் ஹேம் இறந்தார். இருபத்தெட்டாம் பிறந்தநாளுக்கு மூன்று நாட்களே இருந்தன. அவர் விட்டுச்சென்ற குறிப்பில் காதலைப் பற்றிய புலம்பல் இல்லை. மேலாளரின் பெயரைக் கூறி அவர்மேல் குற்றம் சாட்டியிருந்தார். ஒரு மாதம் கழித்து அவருடைய மகள் பிறந்தாள்.

எவன்ஸ் மேலும் எட்டு ஆண்டுகள் போராடினார். குழு பிளவுபட்டு, ஒரே பெயரில் இரு குழுக்கள் ஊர் ஊராகச் சென்றன. பழைய வருவாயின் பங்கீடு பற்றிய வழக்குகள் தீரவில்லை. எல்லாவற்றினும் பெரிய பொருள் ‘விதவுட் யூ’வின் ராயல்டியே, ஆகவே அதைப் பற்றிய பிணக்கே மிகக் கசந்தது. 1983 நவம்பர் 19-இல் அவரும் தம் தோழரின் வழியே சென்றார். முடங்கிக் கிடந்த ஆப்பிள் காலத்து ராயல்டிக்கு வழி பிறந்தது 1985-இல். அதைக் காண இருவருமே இல்லை.

பழி யார்மேல்?

ஒரு மனிதர் தம் உயிரைப் போக்கிக்கொள்வதற்கு ஒரே ஒரு காரணத்தைக் கூறிவிட்டு அமைதியடைவது சரியன்று என்பதை நாம் மறக்கவில்லை. மனம் என்பது பல நோவுகள் சேரும் இடம். அதே துன்பத்தைத் தாங்கி வாழ்ந்தவர்களும் அக்குழுவிலேயே இருந்தனர். உரிய நேரத்தில் ஒரு துணையும் ஒரு மருத்துவரும் கிடைத்திருந்தால் வேறு முடிவு நேர்ந்திருக்கக்கூடும். ஆயினும் நம்முன் இருக்கும் சான்றுகளுக்குள், பாட்டு காரணம் என்பதற்கு ஒன்றுகூட இல்லை. கணக்கு காரணங்களுள் ஒன்று என்பதற்கு இறந்தவரின் கையெழுத்தே இருக்கிறது. அப்படியிருந்தும் பாட்டைப் பற்றியே ஏன் பேசுகின்றனர்?

சாபக்கதை எல்லோருக்கும் வசதியானது என்பதே விடை. விற்பவர்க்கு அது மேலும் ஒரு விளம்பரம். கேட்பவர்க்கு அது ஒரு சிலிர்ப்பு; தாம் கேட்டு மகிழும் பாட்டுக்கு உயிரின் விலை இருப்பதாக எண்ணிக்கொள்ளும் சிலிர்ப்பு. கலைஞன் என்றாலே நொந்து சாகப் பிறந்தவன் என்னும் பழைய கருத்துக்கும் அது தீனி போடுகிறது. விதி என்று சொல்லிவிட்டால் ஒப்பந்தத்தை எடுத்துப் படிக்கவேண்டியதில்லை. காப்புக் கணக்கில் இருந்த பணம் எங்கே என்று கேட்கவேண்டியதில்லை. ஒரு பாட்டின்மேல் பழியைப் போட்டால் பாட்டு எதிர்வழக்காடப் போவதுமில்லை.

இதற்கு இன்னும் ஒரு சான்று உண்டு. இப்பாட்டைப் பாடிய நில்சனும் தம் இறுதிக் காலத்தில் வறுமையை அறிந்தார். தம் நிதி ஆலோசகரே தம் பொருளைக் கையாடியிருந்ததை அவர் 1990-களின் தொடக்கத்தில் கண்டார்; கையாடியவர் பின்னர் சிறைசென்றார். சாபம் தேடுவோர் இதையும் பாட்டின் கணக்கில் எழுதக்கூடும். நமக்குத் தெரிவது வேறு. இயற்றியவர், பாடியவர் ஆகிய இரு தரப்பிலும் நேர்ந்த பொதுத்துன்பம் ஒன்றே: தம் பொருளைத் தாம் பார்க்க முடியாத தொலைவில், பிறர் கையில் வைத்திருந்தனர்.

திறனாய்வாளருக்குக் கணக்கேட்டில் என்ன வேலை, பாட்டு நன்றாக இருக்கிறதா என்று கூறினால் போதாதா என்று சிலர் கேட்கலாம். பாட்டின் தரத்தை அளக்கக் கணக்கேடு தேவையில்லை என்பதை ஏற்கிறோம். இயற்றியவர் ஏழையாய் இறந்தார் என்பதனால் பாட்டுக்கு ஓர் அழகு கூடுவதுமில்லை, குறைவதுமில்லை. அதனால்தான் மேலே பாட்டைப் பற்றிய நம் தீர்ப்பை அவர்கள் முடிவைக் கலக்காமல் தனியே கூறினோம். ஆனால் இறப்பைக் கொண்டு பாட்டுக்குப் பொருள் கூறுவோர் வந்துவிட்ட பிறகு, இறப்பு எவ்வாறு நேர்ந்தது என்பதை எடுத்துரைப்பதும் திறனாய்வின் கடமையாகிவிடுகிறது. பொய்யான உரையை நீக்கினால்தான் மூலம் தெரியும்.

நம்மிடையே சீதக்காதி வள்ளலைப் பற்றி ஒரு வழக்கு உண்டு; செத்தும் கொடுத்தார் என்று அவரைப் போற்றுகிறோம். அவர் கொடுத்தது தம் கையில் இருந்த பொருளை. ஹேமும் எவன்ஸும்கூட இறந்த பின்னும் கொடுத்துக்கொண்டே இருக்கின்றனர். கேரியின் தட்டு வெளிவந்த நாளில் முன்னவர் இறந்து ஏறத்தாழப் பத்தொன்பது ஆண்டுகள் ஆகியிருந்தன. ஆனால் தம் கைக்கு முழுமையாக வந்து சேராத பொருளை அவர்கள் உலகுக்குக் கொடுத்தார்கள். அதை வள்ளன்மை என்று புகழ்ந்துவிட்டு அகலுதல் நேர்மை ஆகாது. அது வசூலாகாத கடன்.

2013 ஏப்ரலில் ஸ்வான்சீ நகரத்தார் ஹேமின் நினைவாக ஒரு நீலப் பலகையைப் பதித்தனர். நீலப் பலகையில் பெயர் பொறிக்கும் வழக்கம் நல்ல வழக்கம். காலம் கடந்தாயினும் ஊர் தன் மகனை ஏற்றுக்கொண்டது. இப்பாட்டை இனிக் கேட்க நேரும் அன்பர்களிடம் நாம் வேண்டுவது சிறிதே. நில்சனின் குரலிலோ கேரியின் குரலிலோ அது ஒலிக்கும்போது, சரணம் பீட் ஹேமுடையது, பல்லவி டாம் எவன்ஸுடையது என்பதை நினைவில் கொள்ளுங்கள். அடுத்து எவரேனும் சாபம் என்று சொன்னால், 1974-இன் இறுதியில் எழுந்த வழக்கைப் பற்றி அவருக்குச் சொல்லுங்கள்.